கமராவுக்கு முன்னால் மூன்று மாதம்

வீட்டிலிருந்தபடி கொழும்புக் கம்பனிக்குப் பில் பதிகிற தொழிலில், வேலை செய்வதைவிட வேலை செய்வதாகத் தெரிவதுதான் கஷ்டம். கணினியில் ஒரு மென்பொருள் போட்டிருக்கிறார்கள். ஐந்து நிமிடம் கை ஓய்ந்தால் கடிகாரம் சிவக்கும். நினைத்த நேரத்தில் சொல்லாமல் நம்மைப் படமும் எடுக்கும். மூன்று மாதம் இதையெல்லாம் பார்த்துத்தான் வேலையை நிரந்தரமாக்குவார்கள். கணவருக்குக் கல்முனையில் இருந்த வேலை போய்விட்டதால், எனக்கு இது கட்டாயம் வேண்டும். அந்தச் சிவப்போடு வேலை செய்தவர்களுக்கு இதற்குமேல் விளக்கம் தேவையில்லை.

காலையிலேயே அபாயா

முக்காடு இல்லாத நேரம் படம் எடுத்துவிட்டால்? அந்தப் பயத்தில் எட்டு மணிக்கே அபாயாவும் ஸ்கார்ப்பும் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிடுவேன். எங்கள் ஊர் சாய்ந்தமருது வெக்கையில் மின்விசிறிக்குக் கீழேயும் வேர்த்து ஊற்றும். சீனி கேட்டு வந்த பக்கத்து வீட்டு ராத்தா, வெளியே புறப்பட்ட கோலத்தில் என்னைக் கண்டு வாசலிலேயே நின்றுவிட்டார்.

“மௌத்தாப் போனது ஆரு புள்ள? சாவு வீட்டுக்குப் போறதுக்கு எனக்கொரு சொல்லும் சொல்லல்லயே!”

மீன்காரர்

மீன்காரர் ஹோன் அடித்தாலும் எழும்ப மாட்டேன். கதிரையில் இருந்தே ஜன்னலால் “அரைக் கிலோ சூரை” என்று கத்துவேன், என் கணவர் போய் வாங்கி வருவார். நாலாம் நாள் மீன்காரர் இவரிடம் என்னைப் பற்றி இரகசியமாகக் கேட்டாராம்.

“காக்கா, ராத்தாக்கு நடக்க ஏலாமப் பெய்த்தா?”

லுஹர் நேரம்

பகல் தொழுகை ஐந்து நிமிடத்துக்குள் அடங்காது. சுஜூதில் நெற்றி தரையில் பட்டிருக்கும்போதும் மனம் கடிகாரத்தில் இருந்தது, அல்லாஹ் மன்னிக்கட்டும். ஒரு நாள் இவரைக் கதிரையில் இருத்தி, மவுஸை ஆட்டிக்கொண்டிருக்கச் சொல்லிவிட்டுத் தொழப் போனேன். மனிதர் கவனமாக ஆட்டினார். கமராவும் கவனமாக எடுத்தது.

பின்னேரம் மேற்பார்வையாளரிடமிருந்து ஈமெயில்: உங்கள் கதிரையில் இருக்கும் தாடிக்காரர் யார்? வேலை போனது போலத்தான் என்று நினைத்தேன். உண்மையை அப்படியே எழுதி அனுப்பினேன். பதிலே வரவில்லை. இரண்டு நாள் ஈமெயிலைத் திறந்து திறந்து பார்த்தேன். இவருக்கு வேறு கவலை.

“நான் சிரிக்காம இருந்ததுதான் பிழையாப் பெய்த்தோ?”

கடைசி நாள்

மூன்றாம் மாதம் முடிந்த அன்று மேற்பார்வையாளர் அம்மணி கோல் எடுத்தார். பிழை குறைவாம், வேகம் திறமாம், வேலை நிரந்தரமாம். அல்ஹம்துலில்லாஹ் என்று மூச்சு விட்டேன். பிறகு அவர் குரலைத் தாழ்த்தினார். என் மூன்று மாதப் படங்களையும் இருந்து பார்த்தாராம்.

“ஒரு படத்திலகூட நீங்க பயப்படாம இல்லையே தங்கச்சி, வீட்டில யாரும் உங்கள வெருட்டி மிரட்டுறாங்களா?”

வெருட்டுகிறவரே விசாரிக்கும்போது வேறென்ன சொல்ல, “இல்லை மேடம்” என்று சொல்லிவிட்டு ஸ்கார்ப்பைச் சரிசெய்துகொண்டேன்.