என்ன விழுந்தது என்று சொல்லுங்கள்

ஒருவருடைய லைசென்ஸைப் பறிக்குமுன் அவரைக் கூப்பிட்டு விசாரிக்க வேண்டும் என்பது சட்டம். கூப்பிட்ட இடத்தில் வாயைத் திறக்க வேண்டும் என்று லண்டனில் உள்ள எங்கள் தமிழ் ஆட்களுக்குச் சொல்லிக்கொடுப்பது என் தொழில். கவுன்சில் என்ற நகரசபையின் கடிதத்தை உடைக்கப் பயந்து ஃப்ரிட்ஜுக்கு மேல் போட்டுவைத்த அனுபவம் உங்களுக்கும் இருந்தால், யோகனை உங்களுக்குப் பிடிக்கும்.

மன்னிப்போடு வந்தவர்

யோகன் பாரிஸில் கொஞ்சக் காலம் இருந்துவிட்டு லண்டனுக்கு வந்தவர். அங்கே பிளேஸ்டோ பகுதியில் வீடுகளைச் சுற்றி இரும்புக் குழாய்களால் ஸ்காஃபோல்டிங், அதாவது சாரம், கட்டுகிறார். நடைபாதையில் குழாய் ஊன்ற கவுன்சிலின் லைசென்ஸ் வேண்டும். அதை ஏன் ரத்துச் செய்யக்கூடாது என்று கேட்டு அவருக்குக் கடிதம் வந்திருந்தது. காரணம் ஒரே வரி: அவர் கட்டியதிலிருந்து ஒரு பொருள் பாதசாரி மேல் விழுந்ததாம். லைசென்ஸ் போனால் அவரும் அவரிடம் வேலை செய்பவர்களும் வீட்டில் இருக்க வேண்டியதுதான்.

என்ன விழுந்தது என்று கேட்டேன். தெரியாதாம். யாருக்குக் காயம்? அதுவும் தெரியாதாம். ஆனால் பிழை முழுவதும் தன்னுடையதே என்று மகளைக் கொண்டு எழுதுவித்த மன்னிப்புக் கடிதம் மட்டும் தயாராக இருந்தது. குற்றம் இன்னதென்று சொல்லாமல் தண்டிப்பது இயற்கை நீதிக்கு முரண் என்பதை அதன் வரலாற்றிலிருந்து தொடங்கி விளக்கினேன். தேநீர் ஆறும்வரை பொறுமையாகக் கேட்டிருந்துவிட்டுச் சொன்னார்:

"அண்ணை, அவை பெரிய ஆக்கள். சும்மா சொல்லுவினமே?"

ஃபோட்டோ இருக்கிறதாம்

கவுன்சில் அதிகாரிக்கு எழுதிக் கேட்டேன். ஆதாரமாக ஃபோட்டோ இருக்கிறது, விசாரணையன்று காட்டுவோம் என்று பதில் வந்தது. தொலைபேசியில் பிடித்து, கடைசி நிமிடம் வரை பொத்தி வைத்திருக்க அது பிறந்தநாள் பரிசு அல்ல என்றேன். நல்ல மனிதர், சிரித்தார். ஆனால் அனுப்பவில்லை. யோகனிடம் சொன்னபோது அவர் அதிகாரியின் பக்கம்தான் பேசினார்:

"பாவம், அந்தாளுக்கும் வேலை கூடவாக்கும்."

தெரிந்த முகம்

விசாரணை அறையில் நான்கு கவுன்சிலர்கள். உள்ளே போனதும் யோகனின் முகம் மலர்ந்துவிட்டது. ஓரத்தில் இருந்தவரின் வீட்டுக் கூரை வேலைக்கு இவர்தான் ஸ்காஃபோல்டிங் கட்டினாராம். முருகனே அனுப்பிவைத்த ஆள் என்று என் காதில் சொன்னார். தீர்ப்புச் சொல்பவருக்கு எந்தப் பக்கமும் சாய்வு இருக்கக்கூடாது என்ற விதி, சாய்வு எங்கள் பக்கம் இருந்தாலும் விதிதான். எழுந்து அந்தப் பழக்கத்தைச் சொன்னேன். கவுன்சிலர் மரியாதையாக வெளியே போனார். யோகன் என்னைப் பார்த்த பார்வையை எழுத முடியாது. கேட்ட கேள்வியை எழுதலாம்:

"அப்ப, வேலையை வடிவாச் செய்து குடுத்ததும் பிழையோ?"

மேசையில் வைத்த படம்

என்ன விழுந்தது என்று மறுபடியும் கேட்டேன். விசாரணைக் குழுவின் தலைவி நரைத்த முடியும் கூரிய மூக்கும் கொண்ட பெண்மணி. அவர் அதிகாரியிடம் திரும்பி அதே கேள்வியைக் கேட்டார். படம் மேசைக்கு வந்தது. நடைபாதை, ஒரு சப்பாத்துக் கால், பக்கத்தில் நூலோடு ஒரு எலுமிச்சம்பழம்.

பழம் ஒருவரின் தோளில் பட்டிருக்கிறது. காயம் ஏதும் இல்லை. கடிதம் எழுதியவர் 'பொருள்' என்று போட்டதில், இரும்புக் குழாய்தான் விழுந்தது என்று பயந்து யோகன் இத்தனை நாளும் தூங்காமல் இருந்திருக்கிறார். விளக்கம் இருக்கிறதா என்று தலைவி கேட்டார். நான் தயாரித்த வாதம் கைப்பையில் கனத்தது. ஆனாலும் பேசும் உரிமை அவருடையது என்பதால், என் இயல்புக்கு மாறாக, வாயை மூடிக்கொண்டேன். பெரிய ஆட்களுக்கு எதிர்ப்பேச்சுப் பேசியறியாத மனிதர், மன்னிப்புக் கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துவிட்டு எழுந்தார். அவர் தன் ஆங்கிலத்தில் சொன்னதைத் தமிழில் தருகிறேன்:

"மேடம், புது வேலை துவங்கேக்க முதல் குழாயில நான்தான் பழம் கட்டுறனான். ஒண்டும் விழக்கூடாது எண்டுதான் கட்டுறது."

தீர்ப்பு

லைசென்ஸ் தப்பியது. ஒரு நிபந்தனை மட்டும்: எதைக் கட்டினாலும் உட்பக்கமாக, கம்பியால் கட்ட வேண்டும். வெளியே வரும்போது தலைவி, அந்தப் பழம் உண்மையிலேயே வேலை செய்கிறதா என்று யோகனைக் கேட்டார். அவர் கொஞ்சமும் யோசிக்கவில்லை.

"ஏன் மேடம், லைசென்ஸ் விழேல்லத்தானே?"

இயற்கை நீதியின் வெற்றி என்று நான் எல்லாரிடமும் சொல்லித் திரியும் இந்த வழக்கை, பிளேஸ்டோ முழுவதும் எலுமிச்சம்பழத்தின் வெற்றி என்றே பேசிக்கொள்கிறார்கள்.