பட்டை போட்ட தோழர்

டென்மார்க்கின் கிரின்ஸ்டெட் பழம்பொருள் சந்தையில், யாழ்ப்பாணத்துக் குணம் அண்ணையின் மேசை முன் நிற்கிறேன். இடியப்ப உரலுக்குப் பக்கத்தில் ஒரு வெண்கலத் தலை. நெற்றி நிறையத் திருநீறு.

"எந்தச் சாமியார், அண்ணே?"

"சாமியாரில்லை, தம்பி. குரோஷியாக் கம்யூனிஸ்ட். பட்டறையில வேலை செய்து, காட்டில சண்டை பிடிச்சு, மந்திரியாகி, கடைசியில கட்சியே துரத்திக் கலைச்சுவிட்ட மனிசன். பக்கத்து வீட்டுக் குரோஷியாக்காரர் தந்தவர்."

"கடவுள் நம்பிக்கை உண்டா?"

"துப்பரவா இல்லை."

"அப்புறம் ஏன் திருநீறு?"

"வெறும் நெத்தியோட ஒருத்தரையும் என்ர மனிசி வீட்டை விட்டு வெளிக்கிட விடமாட்டா."

சிலையைத் தூக்கிப் பார்க்கும் டேனிஷ் பெண்மணி ஒருவர், தூசியென்று நினைத்து நெற்றியைக் கைக்குட்டையால் துடைக்கிறார். மேசைக்குப் பின்னால் நிற்கும் அண்ணையின் காரின் கதவு திறக்கிறது. அண்ணையின் மனைவி திருநீற்று டப்பாவோடு இறங்கி வருகிறார். தோழருக்கு மறுபடி பட்டை போடுகிறார். அதே கையோடு அந்தப் பெண்மணிக்கும்.