என் கன்னத்துக்குள் இருந்த முடிச்சு

கர்த்தருடைய பிள்ளைகளே, நான் மந்திரவாதியின் வாசலில் போய் நின்ற விசுவாசி. அதை மறைத்துவிட்டு இந்தச் சாட்சியைச் சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

கொல்லம் ஆண்டு ஆயிரத்து நூற்றெட்டு, கன்னிப்பூ நெல் அறுப்பு முடிந்த வாரம். சுசீந்திரத்துக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். நாவிதர் ஆறுமுகம் எனக்குச் சவரம் செய்துகொண்டிருந்தார். கத்தி வலது கன்னத்தில் பட்டதும், பழுக்கக் காய்ச்சிய கம்பியைக் காதிலிருந்து உதடுவரைக்கும் இழுத்தது போல ஒரு வலி. அலறிவிட்டேன். கால் நிமிஷம்தான். மறுநாளும் வந்தது. பிறகு மென்றால் வந்தது, பேசினால் வந்தது, காற்றடித்தால்கூட வந்தது. கோயிலில் பாட முடியாமல் ஆராதனைக்குப் போவதையே நிறுத்தினேன்.

அந்த வருஷம் எனக்கும் தம்பி ஞானமுத்துவுக்கும் வாய்க்கால் தண்ணீரில் தகராறு. பேச்சு கிடையாது. ஆறுமுகம் அவனுக்கும் சவரம் செய்கிறவர். என் கன்னத்தில் தடவிய தண்ணீரில் என்ன கலந்தார்? யார் சொல்லிக் கலந்தார்? அவரை வீட்டுக்கு வரவேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

பல் வைத்தியர் மூன்று கடைவாய்ப் பல்லைப் பிடுங்கினார். வலி அப்படியே இருந்தது. அவர்மேலும் சந்தேகம். கடைசியில் ஒருவருக்கும் தெரியாமல் மந்திரவாதியிடம் போனேன். “ரத்த சொந்தம்தான் செய்வினை வச்சிருக்கு” என்றான். எனக்கு அது போதுமாயிருந்தது.

ஒருநாள் மத்தியானம் என் மனைவி அன்னம்மாள் கஞ்சி கொண்டுவந்தாள். “முதல்ல நீ ஒரு வாய் குடி” என்றேன்.

அவளுக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆயிற்று. ஒரு வாய் குடித்தாள். பிறகு சொன்னாள்: “இனி யாரு பாக்கி? நீங்க சந்தேகப்படுற பேரையெல்லாம் கர்த்தர்கிட்ட சொல்லுங்க. என் பேரையும் சேத்துச் சொல்லுங்க.”

முழங்காலில் விழுந்தேன். ஒவ்வொரு பெயராகச் சொன்னேன். கடைசியாக அவள் பெயரையும் சொன்னேன். “ஆண்டவரே, யார் என்று காட்டும். இல்லையென்றால் இந்த எண்ணத்தை எடுத்துப்போடும்” என்று அழுதேன். அழுதாலும் வலித்தது.

மூன்றாம் நாள் காலையில் வாசலில் மாட்டுவண்டி. ஞானமுத்து இறங்கினான்.

“அண்ணே, மேற்க மிஷன் ஆஸ்பத்திரியில இதே சீக்குக்கு ஒருத்தருக்கு ஊசி போட்டாங்களாம். ஆறுமுகம் விசாரிச்சிட்டு வந்து சொன்னான். வண்டியில ஏறும்.”

“ஏலே, உனக்கு என்ன திடீர்னு அக்கறை?”

“நீரு அலறுறது என் வீடு வரைக்கும் கேக்கு அண்ணே.”

வழியெல்லாம் அவன் முதுகையே பார்த்துக்கொண்டு போனேன். எங்கே கொண்டுபோகிறான்? காற்று எழும்பியபோது வண்டியை நிறுத்தி, தன் துண்டை மறைப்பாகக் கட்டினான். இதில் என்ன சூதோ என்று நினைத்தேன். அவ்வளவு கெட்டுப்போயிருந்தது என் மனசு.

டாக்டர் விளக்கினார்: “கன்னத்துக்கு உள்ளே, மண்டை எலும்பை ஒட்டி ஒரு நரம்பு முடிச்சு இருக்கு. பயறு மாதிரி சின்னது. நரம்பின் உயிரணுக்கள் அங்கே கூட்டமா இருக்கு. முகத்து உணர்ச்சியெல்லாம் அது வழியாத்தான் மூளைக்குப் போகுது. அந்த நரம்புல கோளாறு.”

“அதை யாரும் வச்சதில்லையா?”

“பிறக்கும்போதே எல்லாருக்கும் உண்டு. எனக்கும் இருக்கு.”

கன்னத்தின் வழியாக நீண்ட ஊசியைச் செலுத்தி, அந்த முடிச்சில் சுத்தச் சாராயம் ஏற்றவேண்டும் என்றார். வலி போகும், உணர்ச்சியும் சேர்ந்து போகும் என்றும் சொன்னார். அவரையும் சந்தேகித்தேன். ஆனால் ஜெபித்தது நினைவுக்கு வந்தது. படுத்தேன். தம்பி கையைக் கொடுத்தான்.

நெருப்பு பாய்ந்தது. பிறகு ஒன்றும் இல்லை. டாக்டர் பஞ்சால் கன்னத்தைத் தொட்டது எனக்குத் தெரியவில்லை. தம்பியின் கையைப் பார்த்தேன். என் நகங்கள் பதிந்து ரத்தம் கசிந்திருந்தது.

“ஏலே, நீதான் செய்வினை வச்சன்னு நினைச்சேன்” என்றேன்.

“தெரியும் அண்ணே. ஆறுமுகத்துக்கும் தெரியும்.”

தெரிந்துதான் இருவரும் எனக்காக அலைந்திருக்கிறார்கள். நான் கேட்ட ஜெபத்துக்கு அதுதான் பதில் என்று அந்தக் கட்டிலிலேயே உணர்ந்தேன்.

இன்றும் என் வலது கன்னம் மரத்துத்தான் இருக்கிறது. சோறு அந்தப் பக்கம் ஒதுங்கினால் விரலால் எடுக்கிறேன். கண்ணில் தூசி விழுந்தாலும் தெரியாது. கண்ணாடியில் பார்த்துக் கழுவுகிறேன். ஆனால் பாடுகிறேன். அன்னம்மாள் என்னை மன்னிக்க வெகுநாள் ஆயிற்று. அது அவளுடைய சாட்சி, அவளே சொல்லட்டும்.

சகோதரரே, சகோதரிகளே, யார்மேலாவது சந்தேகத்தை வைத்துக்கொண்டு இங்கே உட்கார்ந்திருக்கிறீர்களா? அந்தப் பெயரைக் கர்த்தரிடம் சொல்லிவிடுங்கள். வெட்கப்படாமல் சொல்லுங்கள். என்னைப் போன்றவனுக்கே பதில் கொடுத்தவர், உங்களுக்கும் கொடுப்பார். அவருக்கே மகிமை.