மிராசுதார் கொடுத்த சீட்டு

மிராசுதார் ஆனந்தத்தின் மாட்டுக் கொட்டிலில் சாணி அள்ளிய வைரக்கண்ணு எட்டாவது வரை படித்தவள். அது ஆனந்தத்துக்குப் பிடிக்கவில்லை. அவள் புருஷன் முருகையன் விவசாயத் தொழிலாளர் சங்கத்தில் இருந்தது அதைவிடப் பிடிக்கவில்லை. எழுபதாம் வருடம், தை மாதம். கூலிப் பேச்சுவார்த்தை முறிந்திருந்தது. சங்கத்து ஆட்கள் இருபது பேர் தன் வைக்கோல் போரைக் கொளுத்தப் போவதாக முந்தின வாரம்தான் ஆனந்தம் போலீசில் எழுதிக் கொடுத்திருந்தார்.

அன்று ஒரு சீட்டை மடித்து அவள் காலடியில் எறிந்தார்.

“களத்துல காரியஸ்தன் கல்யாணம் இருப்பான், குடு. படிச்சுக் கிழிச்சவதானே, முடிஞ்சா படிச்சுப் பாரு.”

“சரிங்க” என்று பல்லைக் கடித்துக்கொண்டு குனிந்து எடுத்தாள்.

வாய்க்கால் கரை திரும்பியதும் பிரித்தாள். ‘பாறை மோலுங்ஙுந் நீ’ என்றிருந்தது.

வண்டல் மண்ணில் ஏது பாறை? ஈர மண்ணில் குச்சியால் எழுதி, கடைசியிலிருந்து திருப்பிப் படித்தாள். ஒன்றும் வரவில்லை. ஓரெழுத்து விட்டு ஓரெழுத்தாகப் படித்தாள். ம்ஹூம். அந்த ‘ஙு’தான் உறுத்தியது. பள்ளிக்கூடத்தில் எழுதிப் பழகியதோடு சரி, எந்தச் சொல்லிலும் பார்த்ததில்லை. அதுவும் ‘ங்ஙு’ என்று இரட்டிப்பாக. வீட்டுக்கு, ஊருக்கு என்று வரும் ‘க்கு’வாக இருக்குமோ? க, ங, ச, ஞ என்று வாய்க்குள் சொன்னாள். ‘ங’வுக்கு முந்தியது ‘க’. ‘பா’வுக்கு முந்தியது ‘நா’. ‘றை’க்கு முந்தியது ‘ளை’. ஒவ்வோர் எழுத்தையும் ஒன்று தள்ளி எழுதியிருந்தார்.

நாளை போருக்குத் தீ.

தானே கொளுத்திவிட்டுப் பழியைச் சங்கத்து ஆட்கள் தலையில் போடப் பார்க்கிறார். மண்ணில் எழுதியதைக் காலால் அழித்தாள். சீட்டைப் பழையபடி மடித்துக் கல்யாணத்திடம் கொடுத்துவிட்டு வீட்டுக்கு ஓடினாள்.

முருகையன் அரிவாளை எடுத்தான். “நேராப் போயி கேட்டுடறேன்.”

“அதுக்குத்தான்யா அந்த ஆளு காத்துக்கிட்டிருக்காரு. நாளைக்கு நம்ம தெருவுல ஒரு ஆளு இருக்கக் கூடாது. எல்லாரும் தாலுகா ஆபீசுக்குப் போவோம்.”

மறுநாள் காலையிலேயே தெரு முழுக்க மன்னார்குடிக்கு நடந்தது. தாசில்தாரிடம் கூலி மனு கொடுத்து, கையெழுத்தும் கைநாட்டுமாக வைத்து, சாயங்காலம் வரை அங்கேயே உட்கார்ந்திருந்தார்கள். மத்தியானம் போர் எரிந்தது. ஆனந்தம் எழுதிக் கொடுத்த இருபது பேரும் அந்நேரம் தாசில்தாரின் கண்ணெதிரே இருந்தார்கள். வழக்கு நிற்கவில்லை.

“எவன்டி சொன்னது? கல்யாணமா?” என்று ஆனந்தம் கொட்டில் வாசலில் அவளை மறித்தார்.

“நான்தான் படிச்சேன்.”

அவர் நம்பவில்லை. அவளை விரட்டினார். அதே வாரம் கல்யாணத்தையும் வேலையை விட்டுத் துரத்தினார்.

அதன்பிறகு அவள் நாலு மைல் நடந்து வேறு ஊரில் நடவுக்குப் போனாள். வழியில் எங்கே பார்த்தாலும் கல்யாணம் காறித் துப்புவான். வைரக்கண்ணு ஒருநாளும் ஒதுங்கிப் போனதில்லை.