மணமகள் அறைக்குள் யார்

வடிவு பிறந்து வளர்ந்தது திருநின்றவூரில். அப்பா கொத்தனார். பத்தாவது படிக்கும்போது அவள் உதட்டோரத்தில் ஒரு வெள்ளைப் புள்ளி வந்தது. அது மெல்லக் கழுத்துக்கு இறங்கி, இரண்டு கை விரல்களிலும் படர்ந்தது. ஒட்டுகிற வியாதி இல்லை என்று டாக்டர் சொன்னதை அம்மா தெரு முழுக்கச் சொல்லிப் பார்த்தாள். தெரு தலையாட்டிக் கேட்டுக்கொண்டது. ஆனால் வடிவு கையால் ஒரு டம்ளர் தண்ணீர் வாங்கிக் குடிக்கவில்லை.

குடித்தவள் காவ்யா ஒருத்திதான். தாய்மாமன் மகள், ஒரே வயசு. இருவரும் கல்லூரிக்கு ஒரே ரயிலில் போனார்கள், ஒரே டிபன் பாக்ஸில் சாப்பிட்டார்கள். காவ்யாவுக்குக் கல்யாணம் நிச்சயமானதும் முதலில் ஓடிவந்து சொன்னது வடிவிடம்தான்.

"ரூம்ல எங்கூட நீதான் கீற. வேற எவளும் என் தலையத் தொடக்கூடாது" என்றாள் காவ்யா.

வடிவு கூறைப்புடவையின் அதே அரக்கு நிறத்தில் ஜாக்கெட் தைத்துக்கொண்டாள்.

கல்யாணம் திருமுல்லைவாயிலில். முகூர்த்தத்தன்று காலை மணமகள் அறையில் காவ்யாவின் ஜடைக்கு வடிவு பூ சுற்றிக்கொண்டிருந்தாள். காவ்யாவின் அம்மா சொர்ணம் உள்ளே வந்தாள்.

"வடிவு, வீடியோக்காரன் வர்றான். நீ கொஞ்சம் கீழ போயி தாம்பூலப் பை போட்டுக்கினு இரு. மாப்ள ஊட்டுக்காரங்க உன் கையப் பாத்தா இன்னா நெனப்பாங்க?"

வடிவு காவ்யாவைப் பார்த்தாள். காவ்யா திரும்பவில்லை. கண்ணாடியைப் பார்த்தபடியே கம்மலைச் சரிசெய்துகொண்டு, "போ வடிவு, அம்மா சொல்றாங்கல்ல" என்றாள்.

கீழே ஒரு மூட்டைத் தேங்காய்க்குப் பக்கத்தில் உட்கார்ந்து வடிவு பை போட்டாள். தாலி கட்டியதைக் கெட்டிமேளச் சத்தத்தில்தான் தெரிந்துகொண்டாள். பிறகு வந்த ஆல்பத்தைப் பக்கம் பக்கமாகப் புரட்டினாள். ஒன்றில்கூட அவள் இல்லை.

அழுது தீர்த்துவிட்டு மறக்கிறவள் இல்லை வடிவு. தீபாவளிக்கு மாமா வீட்டுக்குப் போனாள், பொங்கலுக்குப் போனாள், சிரித்துப் பேசினாள். அத்தை சொன்ன ஒவ்வொரு சொல்லையும் ஆறவிடாமல் உள்ளே வைத்திருந்தாள்.

அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு துணி கம்பெனியில் செக்கிங் வேலை கிடைத்தது. தினமும் ரயிலில் பார்த்துப் பழகியவன் ஜெகதீஷ், அண்ணனூர் ரயில் பணிமனை ஷெட்டில் ஃபிட்டர். ஒருநாள் நெரிசலில் அவள் கையிலிருந்த தண்ணீர் பாட்டிலைக் கேட்டு வாங்கி, வாய் வைத்துக் குடித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தான். கட்டினால் இவளைத்தான் என்று வீட்டில் நின்று சாதித்தவனும் அவன்தான்.

வடிவின் கல்யாணம் கூடிவந்தபோது காவ்யா அம்மா வீட்டோடு இருந்தாள். புருஷன் அடி தாங்காமல் வந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. உறவுக்காரப் பெண்கள் அவளை வாழாவெட்டி என்றார்கள், விசேஷங்களில் பின்வரிசைக்குத் தள்ளினார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை சொர்ணம் பழமும் பூவுமாக வடிவைத் தேடி வந்தாள்.

"காவ்யாவ உன் ரூம்ல வெச்சிக்கமா. ஆளாளுக்குப் பேசறாளுங்க. நீ பக்கத்துல நிக்க வெச்சா எல்லாரும் வாய மூடிக்குவாளுங்க."

ராசியில்லாதவள் வேண்டாம் என்று வடிவு ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். சொந்தபந்தமே அவள் பக்கம் நின்றிருக்கும். ஆனால் அது ஊரார் போட்ட பழி. அதைக் கடன் வாங்கிப் பழி தீர்க்க வடிவுக்கு மனசில்லை. தீர்க்க அவளுக்குச் சொந்தமாகவே ஒரு கணக்கு இருந்தது.

"வரட்டும் அத்தே. நானே கூப்புடறேன்" என்றாள்.

"உனக்குப் பெரிய மனசுடி" என்று சொர்ணம் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

பூந்தமல்லியில் மண்டபம். அறைக்குள் யார் வருவது என்பதைத் நான்தான் முடிவு செய்வேன் என்று வடிவு முன்னமே சொல்லிவிட்டாள். கம்பெனித் தோழிகள் இருவர், அம்மா, காவ்யா. அலங்காரம் செய்ய வந்த ஜரினா, "கழுத்துலயும் கையிலயும் க்ரீம் போட்டு மறைச்சிடட்டுமா?" என்று கேட்டாள்.

"வேணாங்கா. கீறது கீற மாதிரியே இருக்கட்டும்."

சொர்ணம் பட்டுப்புடவை சரசரக்க உள்ளே நுழைந்தாள். மகள் மணப்பெண்ணுக்குப் பூ வைப்பதைப் பார்த்ததும் அவள் முகம் மலர்ந்தது. வடிவு எழுந்து நின்றாள்.

"அத்தே, வீடியோக்காரர் வர்றாரு. நீங்க கொஞ்சம் கீழ போயி தாம்பூலப் பை போட்டுக்கினு இருங்க."

சொர்ணம் சிரித்தாள். "இன்னாடி வெளாட்டு?"

"வெளாட்டு இல்ல. அன்னிக்கு எனக்கு நீங்க சொன்னதுதான்."

அம்மா, "வடிவு, வேணாம்மா" என்று முனகினாள். சொர்ணம் மகள் பக்கம் திரும்பினாள். "காவ்யா, வாடி போலாம்" என்றாள்.

"இஷ்டம்னா போ காவ்யா" என்றாள் வடிவு. "ஆனா போனா திரும்ப உள்ள வர முடியாது."

வெளியே, அவளை வாழாவெட்டி என்ற அத்தனை பேரும் உட்கார்ந்திருந்தார்கள். அவர்கள் கண்முன்னால் மணப்பெண்ணோடு மேடையேறவே காவ்யா காத்திருந்தாள். பூச்சரம் கையில் கசங்கியது. கண்ணாடியைப் பார்த்தபடியே, "நீ போம்மா. நான் பின்னால வரேன்" என்றாள்.

சொர்ணம் போன பிறகு கதவைச் சாத்தியது வடிவுதான்.

"ரெண்டு தடவையும் நீ கண்ணாடியத்தான் பாத்த" என்றாள். காவ்யா விசும்பத் தொடங்கினாள். வடிவு அவளைத் தேற்றவில்லை. "பூவ வெய்யி. நேரமாவுது" என்று தலையைத் திருப்பிக் காட்டினாள். நெஞ்சுக்குள் தித்தித்தது. அதற்காக அவள் வெட்கப்படவில்லை.

சொர்ணம் கை நனைக்காமல் ஆட்டோ பிடித்துப் போய்விட்டாள். மாமா மட்டும் தாய்மாமன் சீரைக் கடமைக்குச் செய்துவிட்டுக் கிளம்பினார். அதன் பிறகு அந்த வீட்டிலிருந்து யாரும் வரவில்லை. அண்ணன் உறவே அறுந்துவிட்டதே என்று அம்மா பல நாள் வடிவோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

"விட்டுத் தந்திருக்கலாமே?" என்று ஜெகதீஷ் ஒருதரம் கேட்டான்.

"விட்டிருந்தா இன்னிக்கும் அவுங்கள எதுக்க வெச்சி சிரிச்சிக்கினு இருந்திருப்பேன். இப்ப சிரிக்க வேண்டியதில்ல" என்றாள் வடிவு.

அண்ணனூரில் வாடகை வீட்டில் குடியிருக்கிறார்கள். காவ்யா முகப்பேரில் ஒரு கடையில் வேலைக்குச் சேர்ந்துவிட்டாளாம்; அம்மாவும் மகளும் ஒரே வீட்டில் இருந்தும் பேச்சுவார்த்தை இல்லையாம். தெரிந்தவர் ஒருவர் வந்து சொன்னபோது வடிவு மதியச் சாப்பாடு கட்டிக்கொண்டிருந்தாள். "அப்புடியா?" என்று கேட்டுவிட்டு, பையைத் தோளில் மாட்டிக்கொண்டு ரயிலுக்குக் கிளம்பினாள்.