கழுத்தளவுத் தண்ணீர்

முழங்கையைத்தான் முதலில் நனைப்பார் கிறிஸ்துராஜ். பஞ்சர் பார்க்கும் இரும்புச் சட்டியானாலும் சரி, கல்யாண வீட்டில் கை கழுவ வைத்திருக்கும் அண்டாவானாலும் சரி, முழங்கை உள்ளே போய் வந்த பிறகுதான் விரல் போகும். சூடு பார்க்கிறாராம். பச்சைத் தண்ணீரில் என்ன சூடு இருக்கப்போகிறது? திண்டுக்கல் மேட்டுப்பட்டியில் அவருடைய சைக்கிள் கடைக்கு வருகிறவர்கள் ஆரம்பத்தில் சிரித்தார்கள். இப்போது யாரும் சிரிப்பதில்லை.

ஆள் ஆறடி. வயது அறுபத்திரண்டு. பேச்சில் மகா கஞ்சன். டியூபைத் தண்ணீரில் அமுக்கி, குமிழி வரும் இடத்தைக் கட்டைவிரலால் பொத்திக்கொண்டு, "இந்தா, இங்கனதான் மூச்சு விடுது" என்பார். அன்றைய பேச்சு அதோடு முடிந்தது.

மனைவி அன்னாள் அவர் தோளுக்குக்கூட எட்டமாட்டார். கோயில் தையல் வகுப்பில் பெண்பிள்ளைகளுக்கு ஜாக்கெட் வெட்டச் சொல்லிக் கொடுத்தவர். நாற்பத்தெட்டு வயதில் மூட்டுவாதம் வந்து கால் முட்டுகளைப் பிடித்துக்கொண்டு, விரல்களையும் மடக்கிப் போட்டுவிட்டது. கத்தரிக்கோல் போயிற்று, பிறகு சீப்பு போயிற்று, பிறகு சோற்றைப் பிசைவதும் போயிற்று. டாக்டர் மாத்திரைகளை எழுதிவிட்டு, "வெந்நீர்ல கழுத்து வரைக்கும் அரை மணி நேரம் கெடந்தா வலி கேக்கும்" என்றார். பன்னிரண்டு நாளைக்கு ஒரு தடவை குழாயில் தண்ணீர் வருகிற ஊரில் கழுத்து வரைக்கும் வெந்நீர். டாக்டர் ஊருக்குப் புதிது போலிருக்கிறது.

கிறிஸ்துராஜ் அதை வேடிக்கையாக எடுத்துக்கொள்ளவில்லை. 1999-இல் கொடைக்கானலில் ஒரு பழைய பங்களாவை இடித்தார்கள். கேரட் லாரி ஓட்டும் மலைச்சாமியிடம் சொல்லிவைத்து, அங்கிருந்த குளியல் தொட்டியைக் கீழே கொண்டுவந்துவிட்டார். இரும்பில் வார்த்து வெள்ளை எனாமல் பூசிய தொட்டி. குளியலறைக் கதவைக் கழற்றி, நிலையைக் கொஞ்சம் கொத்தித்தான் உள்ளே நுழைக்க முடிந்தது. தெரு முழுக்க வந்து பார்த்துவிட்டுப் போனது. "சைக்கிள் கடைக்காரருக்கு வெள்ளைக்காரக் குளியல் கேக்குதாக்கும்" என்றார் பக்கத்து வீட்டு காதர் பீவி, காதில் விழும்படியாகவே.

நிரப்பிப் பார்த்தால் தண்ணீர் இடுப்போடு நின்றுவிட்டது. அதற்குமேல் போனால் பக்கவாட்டில் இருந்த ஓட்டை வழியாக வெளியேறியது. அதற்கு மட்டும் அவரிடம் மருந்து இருந்தது. உள்ளே ஒரு வாஷர், வெளியே ஒரு வாஷர், நடுவில் சைக்கிள் டியூப், ஒரு போல்ட்டைப் போட்டு முறுக்கினார். அப்போதும் ஆழம் போதவில்லை. தொட்டியின் விளிம்பைச் சுற்றி மூன்று வரிசை செங்கல் வைத்துப் பூசினார். இரும்பும் சிமெண்டும் சேருமிடம் கசிந்தது. லாரி டியூபை நீளவாக்கில் வெட்டி, சொல்யூஷன் தடவி ஒட்டினார். வெந்நீர் பட்டதும் அது உரிந்துகொண்டு வந்தது. மறுபடி ஒட்டினார். மூன்றாவது தடவை நின்றது. அன்னாள் ஏறுவதற்கு வெளியே இரண்டு படியும் கட்டினார்.

அளவு பார்த்ததெல்லாம் தானே உள்ளே உட்கார்ந்துதான். முழுசாக முடித்த பிறகுதான் மனைவியை உள்ளே இறக்க வேண்டும் என்று ஆசை. அதனால் ஆறடி ஆளின் கழுத்துக்குத் தொட்டி தயாராகிவிட்டது.

முதல் நாள் இடுப்பைப் பிடித்து இறக்கிவிட்டார். அன்னாளின் கால் எதிர்ப்பக்கத்தை எட்டவில்லை. பிடிக்க விரலும் மடங்காது. வழுக்கிக்கொண்டு மூக்கு வரைக்கும் போய்விட்டார். கிறிஸ்துராஜ் பதறிப்போய் இடது கையைப் பிடரிக்கு அடியில் கொடுத்துத் தூக்கினார். தூக்கியவர் கையை எடுக்கவில்லை. ஸ்டூலை இழுத்துப் போட்டு, அரை மணி நேரமும் உள்ளங்கையில் அந்தத் தலையைத் தாங்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கொஞ்ச நேரத்தில் தண்ணீருக்குள் அன்னாளின் விரல்கள் ஒவ்வொன்றாக விரிந்தன.

"கால் இருக்கதே தெரியலங்க" என்றார் அன்னாள்.

அன்றைக்கு கிறிஸ்துராஜ் அழுதார். வேர்வை என்று சொல்லிக்கொண்டார்.

தொட்டி முழுக்கத் தண்ணீர் பிடித்துக் குளிக்கிறார்கள் என்று காதர் பீவி சண்டைக்கு வந்தார். வந்தவர் நறுக்கென்று நாலு வார்த்தை கேட்பதற்குள் அன்னாள் இரண்டு கைகளாலும் டம்ளரைத் தூக்கத் தடுமாறுவதைப் பார்த்தார். வந்த வழியே திரும்பிப் போனார். அடுத்த தண்ணீர் நாளில் ஒரு குடம் வெந்நீரோடு வந்து நின்று, "எம் பங்குக்கு ஒண்ணு இருக்கட்டும்" என்றார். பன்னிரண்டு நாளில் அந்த ஒரு நாள்தான் அன்னாளுக்கு வலி விலகி நிற்கிற நாள்.

கால் முட்டுக்கொடுக்க ஒரு பலகை வைத்தால் கணவர் கை கடுக்க உட்கார வேண்டியதில்லை. கிறிஸ்துராஜ் அளந்து, இந்தத் தடவை அன்னாளையே அளந்து, வேப்பம்பலகை ஒன்றை அறுத்து இழைத்துக் கொண்டுவந்தார். அன்னாள் அதைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"பலகை எதுக்கு? ஒங்க கையே இருக்கட்டும்."

2002 தவக்காலத்தில் காய்ச்சல் என்று படுத்த அன்னாள் நாலாம் நாள் போய்விட்டார். பலகை இன்னும் குளியலறைச் சுவரில் சாய்ந்தபடி நிற்கிறது, ஒரு தடவையும் நனையாமல்.

இரண்டு வருஷம் ஆகிறது. தொட்டியை எடுத்துவிட்டு அறையை விசாலமாக்கலாமே என்று மலைச்சாமி சொல்லிப் பார்த்தார். "கெடக்கட்டும்ப்பா, தண்ணி பிடிச்சு வைக்க ஆகும்" என்று பதில் வந்தது. பொய்யில்லை. குழாய் வரும் நாளில் தொட்டியை விளிம்பு வரை நிரப்பி வைக்கிறார். தெருவில் யாருக்குத் தட்டுப்பாடு என்றாலும் அதிலிருந்து மொண்டுகொள்ளலாம். காதர் பீவிதான் முதலில் வருவார். ஆனால் உடனே கதவைத் தட்டமாட்டார். குடத்தை வாசலில் வைத்துவிட்டு, அரை மணி நேரம் உட்கார்ந்திருப்பார்.

உள்ளே கிறிஸ்துராஜ் ஒரு குடம் வெந்நீரைத் தொட்டியில் ஊற்றுகிறார். முழங்கையை விட்டுப் பார்க்கிறார். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, தலைமாட்டில், தண்ணீருக்குள், இடது உள்ளங்கையை விரித்து ஏந்திக்கொள்கிறார்.