சக்கரத்துக்குக் கல் வைத்தது யார்?

சென்ற ஆண்டு மழைக்காலத்தில், மூணாறுக்கு மேலே ஓர் எஸ்டேட் பாதையில் நடந்தது இது. நான் பாலக்காட்டில் நீதிமன்ற எழுத்தராக முப்பது வருடம் இருந்து ஓய்வு பெற்றவன். மாற்றி மாற்றிப் பேசும் சாட்சிகளை நிறையப் பார்த்து, மனதுக்குள் சிரித்தவன்.

எஸ்டேட் பள்ளியில் ஆசிரியையாக இருக்கும் மகளைப் பார்க்கப் போய்க்கொண்டிருந்தேன். ஜீப்பில் டிரைவர், நான், கொழுந்து பறிக்கும் ஓர் அம்மா, மூன்று பேர்தான். ஏற்றத்தில் எஞ்சின் நின்றது. பிரேக் பிடிக்கவில்லை. ஜீப் பள்ளத்தைப் பார்த்துப் பின்னால் நகர்ந்தது. டிரைவர் குதித்து ஓடிவிட்டார். நான் இறங்கி, ஒரு கல்லைத் தூக்கிப் பின்சக்கரத்துக்கு அடியில் வைத்தேன். வண்டி விளிம்பில் நின்றது.

அன்று மாலையே போலீஸ் ஸ்டேஷனில் வாக்குமூலம் கொடுத்தேன். நேரம், திசை, தூரம் எல்லாம் வரிசையாக, அடித்தல் திருத்தல் இல்லாமல். டிரைவரின் லைசென்ஸ் போவதற்கு அது ஒன்றே போதும்.

மூன்றாம் நாள் அந்த அம்மா என் மகள் வீட்டுக்கே வந்துவிட்டார்.

"ஏன் சார், அந்த அண்ணன் பொழப்புல மண்ணப் போடுறீங்க? கல்லு வச்சது அவருல்லா. ரெண்டு வெரலு நசுங்கி ஆஸ்பத்திரில கெடக்காரு."

நான்தான் இறங்கி வைத்தேன் என்று ஆரம்பித்தேன்.

"நீங்க எங்க எறங்குனீங்க? 'மாதாவே, மாதாவே'ன்னு என் கையப் புடிச்சிக்கிட்டுல்லா கெடந்தீங்க! மாதாவ நானே அவ்வளவு கூப்புடல."

முன்கையை நீட்டிக் காட்டினார். நான்கு நகத் தடங்கள் கருத்துப்போயிருந்தன. என் உள்ளங்கைகளைப் பார்த்தேன். ஒரு சிராய்ப்புகூட இல்லை.

வாக்குமூலத்தைத் திருத்தப் போனேன். அதற்கான நடைமுறை எனக்குத் தெரியும். அப்படி வருகிறவனை எப்படிப் பார்ப்பார்கள் என்பதும் தெரியும். எஸ்.ஐ. பேனாவைக் கீழே வைத்தார்.

"சாரே, அன்னிக்குச் சொன்னது பொய்யா, இன்னிக்குச் சொல்றது பொய்யா?"

அன்று சொன்னது பொய் இல்லை, தவறு என்றேன். எத்தனையோ சாட்சிகள் இதே பதிலைச் சொல்லி நான் எழுதியிருக்கிறேன். ஒருவரைக்கூட நம்பியதில்லை. அவர் என்னை நம்பினாரோ இல்லையோ, எழுதிக்கொண்டார். டிரைவரின் லைசென்ஸ் தப்பியது.

நடந்தது என்ன என்று இப்போது எனக்குத் தெரியும். ஆனாலும் இன்றைக்குக் கண்ணை மூடினால், அந்தக் கல்லின் ஈரமும் கனமும் என் கையில்தான் இருக்கின்றன. அதனால், "எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு" என்று யார் சொன்னாலும், அது நானாகவே இருந்தாலும், அப்போது பக்கத்தில் வேறு யார் இருந்தார்கள் என்று ஒரு முறை கேட்டுவிடுகிறேன்.